பந்தியில் யார் பெரியவர்?

தானங்களிற் சிறந்தது அன்னதானம் என்பர் நம் முன்னோர். ஆனால் சோறிட்டதோடு அந்த அறம் நிறைவெய்தி விடுமா என்பது சிந்திக்கத்தக்கது.

இந்தியாவிலே அமிர்தசரஸ் பொற்கோயிலில் ‘லங்கர்’ எனும் பொது அடுக்களை இரவு பகலாக இயங்குகின்றது. நாள்தோறும் 50,000 பேருக்கு மேல் அங்கு உணவருந்துகின்றனர். சீக்கிய சமயத்தை நிறுவிய குருநானக் (1469–1539) காலந்தொட்டு வரும் வழக்கம் இது. தம்மைக் காண வருவோர் முதலில் பந்தியில் இருந்து உண்ண வேண்டும் என்று மூன்றாவது குருவான அமர்தாஸ் விதித்தார் என்பர். எச்சாதியினரும் எம்மதத்தினரும் ஒரே தரையில் வரிசையாக அமர்வர். ரொட்டியை இரு கைகளையும் ஏந்தியே பெறுவர். வசதி படைத்தோரும் உள்ளி உரித்து, எச்சில் தட்டுக் கழுவுகின்றனர்.

நம் நிலை என்ன? சென்ற திருவிழாவில் உபயகாரரையும் உத்தியோகத்தரையும் மடத்தினுள்ளே முதலில் இருத்தினோம். அப்படி இருத்தியவர்களுள் அடியேனும் ஒருவன். வெளியே வயோதிபத் தாய் ஒருவர் வெயிலில் நின்றார். “பரவாயில்லைத் தம்பி, நான் பிறகு சாப்பிடுறன்” என்றார். பின்னர் வயிறாரத்தான் உண்டார். ஆயினும் அந்தச் சொல் இன்றும் என் நெஞ்சை உறுத்துகின்றது. கந்தோரில் பதவி பார்த்துக் கதிரை கொடுத்த பழக்கம் கோயிலுக்குள்ளும் என்னோடு வந்துவிட்டது.

அன்னதானத்தை நாம் மகேஸ்வர பூசை என்கிறோம். அடியாரைச் சிவனாகக் கண்டு செய்யும் பூசை அது. பூசைக்குரியவரை வாசலில் காக்க வைக்கலாமா?

இவ்வருடம் வந்தவர் வந்த வரிசையிலே இருக்கட்டும். அறங்காவலர்களாகிய நாம் சோற்று வாளி தூக்குவோம், இலை எடுப்போம், கடைசிப் பந்தியில் உண்போம். எம்பெருமான் திருவருள் துணைநிற்பதாக.