பாய்மரத்தின் உச்சியில்

அச்சம் ஒரு குற்றமா? பாய்மரக் கப்பல் காலத்துப் பயிற்சி முறை இவ்வினாவை நம்முன் வைக்கிறது.

ஆங்கிலக் கடற்படையில் அதிகாரியாக விரும்பிய சிறுவர் பலர் 12, 13 வயதிலேயே கப்பலேறினர். லெப்டினன்ட் பதவிக்கு 1677 முதல் தேர்வு இருந்தது. ஆயினும் ஏட்டறிவு போதாது, பல ஆண்டுக் கடற்பணியும் வேண்டும். முடிச்சிடுதல், பாய் சுருட்டுதல், கதிரவனின் உயரத்தை அளந்து கப்பலின் இடத்தைக் கணித்தல் ஆகிய யாவும் செய்து பழகியே கைவந்தன. ஆடும் பாய்மரத்தில் ஏறுவதும் அவற்றுள் ஒன்று.

1784-இல் 'போரியஸ்' கப்பலின் தலைவராயிருந்த நெல்சன், ஏற அஞ்சிய சிறுவரைக் கடியவில்லை. தாம் உச்சிக்கு ஏறப்போவதாகவும், அங்கே சந்திக்கலாம் என்றும் கூறித் தாமே ஏறினார். மேலே வந்து சேர்ந்தவனிடம் அவனது அச்சத்தைச் சுட்டாமல் மகிழ்வுடன் உரையாடினார். உடன் பயணம் செய்த பெருமாட்டி ஒருவரே இதற்குச் சான்று.

அதே கப்பலில் எளிய மாலுமிகளுக்குக் கசையடி விழுந்ததையும் நாம் மறைத்தலாகாது. அச்சம் வேறு, குற்றம் வேறு எனலாம், உண்மையே. ஆயினும், தவறியவனின் நிலையை உணரும் கனிவு, நாளைய அதிகாரிக்குக் கிட்டியதுபோல் ஏழை மாலுமிக்குக் கிட்டியதா? ஆங்கிலக் கடற்படையில் அமைதிக் காலக் கசையடி 1871-இல்தான் நிறுத்தப்பட்டது.

அச்சம் குற்றமன்று, அஞ்சுபவனைத் தனியே விடுவதே குற்றம். நம் இல்லங்களிலும் பள்ளிகளிலும் யாருக்காக நாம் முன்னே ஏறுகிறோம்? யாருக்குக் கீழே நின்று ஆணை மட்டும் இடுகிறோம்? இதற்கு விடை காண்பது நம் கடன் அன்றோ!