கல்லும் தீபமும்

கண்மூடி நெடுநேரம் அமர்ந்திருக்கும் ஒரு பெரியவரைக் காணும்போது, ‘கல்லாய்ச் சமைந்துவிட்டார்’ என்று நாம் வியந்து சொல்லும் அந்த வார்த்தைக்குள், சலனமே இல்லாத நிலை ஒன்று உண்டென்றும், அது கல்லுக்கு இயல்பாகவே வாய்த்திருக்கிறதென்றும், பெருமுயற்சியால் மனித சித்தத்துக்கும் அது கூடிவரும் என்றும் ஒரு நம்பிக்கை அடங்கிக் கிடக்கிறது. இந்த நம்பிக்கையைச் சோதித்துப் பார்க்கும் உரிமை வேதாந்திகளுக்கும் யோகிகளுக்கும் மட்டுமே உரியது என்று பல காலம் எண்ணியிருந்த என்னை, அலுமினியத்தால் ஆன ஒரு சின்னஞ்சிறு மேளம் வேறுவிதமாக நினைக்க வைத்தது.

அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்துப் போல்டர் நகரில், தேசியத் தர நிர்ணய நிலையத்து விஞ்ஞானிகள் செய்து, 2011-ஆம் ஆண்டில் உலகுக்கு அறிவித்த மேளம் அது. குறுக்களவு 15 மைக்ரான். தலைமயிர் ஒன்றின் குறுக்கே இப்படி நான்கை வரிசையாக வைத்துவிடலாம். அடிப்பார் யாருமில்லாமலே, தன்னுள் இருக்கும் வெப்பத்தின் காரணமாகவே, அது வினாடிக்கு ஒரு கோடி தடவைக்கு மேல் அதிர்ந்துகொண்டிருந்தது. அந்த அதிர்வை அடக்குவதற்காக, குளிரின் கடைசி எல்லையாகிய மைனஸ் 273.15 டிகிரியை ஏறத்தாழ எட்டிவிட்ட குளிர்கலத்தினுள் அதை வைத்தார்கள், அதுவும் போதவில்லை. பிறகு, சுருதியைச் சற்றே தாழ்த்தி அமைத்த நுண்ணலைகளை அதன்மீது செலுத்த, அவை ஒவ்வொன்றும் மேளத்தின் அதிர்விலிருந்து ஒரு துளியை வாங்கிக்கொண்டு சுருதி ஏறித் திரும்பின. கிணற்றை இறைப்பது போன்ற இந்த வேலையின் முடிவில், எஞ்சியது சராசரியாக ஒரு துளியில் மூன்றிலொரு பங்கு மாத்திரமே.

அந்தத் துளியும் வற்றிப்போனால் மேளம் ஓய்ந்துவிடுமா? ஓயாது. ஒரு பொருள் இன்ன இடத்தில் இருக்கிறது என்பதும், இன்ன வேகத்தில் செல்கிறது என்பதும் ஒருசேரத் திட்டமாக நிலைபெற முடியாதென்று 1927-இல் இயற்பியல் அறிஞர் ஹைசன்பர்க் கண்ட நியதியின்படி, ஓரிடத்தில் நின்று முற்றும் ஓய்ந்திருப்பது எந்தப் பொருளுக்கும் விதிக்கப்படவில்லை. இந்த மேளத்துக்கு மிஞ்சும் அசைவு, ஒரு மில்லிமீட்டரை லட்சம் கோடி கூறாக்கினால் அவற்றில் நான்கு கூறு. அலுமினிய அணுவின் கருவைக் காட்டிலும் சிறியது. ஆயினும் அதை எந்த உபாயத்தாலும் இறைத்தெடுக்க இயலாது. ஹீலியம் என்னும் வாயு, சாதாரண அழுத்தத்தில் எவ்வளவு குளிர்வித்தாலும் உறைந்து கட்டியாகாமல் திரவமாகவே இருப்பதும் இதே காரணத்தால்தான். 2012-இல் கலிபோர்னியாவில் ஆஸ்கர் பெயின்டர் குழுவினர் ஒரு நுண்ணிய சிலிக்கான் தண்டின்மேல் லேசர் ஒளியைப் பாய்ச்சிப் பார்த்தபோது, தண்டிடமிருந்து சக்தியைப் பெற்றுவந்த ஒளியைவிட அதற்குச் சக்தியைக் கொடுத்துவந்த ஒளி மிகுதியாக இருக்கக் கண்டார்கள். சக்தியை வாங்கிக்கொள்ளுமே தவிரக் கொடுக்காத, எடுக்க முடியாத அந்த அசைவின் அடையாளம் அதுவே.

இதைக் காட்டி, நம் முன்னோர் குவாண்டம் இயற்பியலை அறிந்திருந்தார்கள் என்று மேடையேறிப் பேசுவோருடன் எனக்கு உடன்பாடு இல்லை. மேளத்துக்குச் சித்தம் கிடையாது, சித்தத்துக்கு ஹைசன்பர்க்கின் நியதி பொருந்துமென்று யாரும் நிறுவவுமில்லை. அந்த மேளம் எனக்குச் செய்த உபகாரமெல்லாம் என் உவமையைத் திருத்தியது ஒன்றே. கல்லும் அசைகிறது, எனவே கல்லாவது சாந்தியின் இலக்கணம் ஆகாது. சேர்ந்துவிட்ட கொந்தளிப்பையெல்லாம் வாங்கிக் கழித்தபின், கழிக்க முடியாததாய் எது நிற்கிறதோ, அதோடு இருத்தலே சாந்தி என்று இப்போது எனக்குத் தோன்றுகிறது.

கீதையின் ஆறாம் அத்தியாயம், அடங்கிய சித்தத்துக்கு உவமையாகக் கல்லைச் சொல்லவில்லை, காற்றில்லா இடத்துத் தீபத்தைச் சொல்கிறது என்பதை எத்தனையோ தடவை படித்திருந்தும் நான் கவனித்ததில்லை. நேற்று அந்தியில் பூஜையறை ஜன்னலைச் சாத்திவிட்டு, குத்துவிளக்கின் அருகே குனிந்து பார்த்தேன். சுடர் எழுதிவைத்ததுபோல் நின்றது; அதன் அடியிலோ திரியின் நுனி செக்கச் செவேலென்று கனன்றுகொண்டிருக்க, எண்ணெய் ஓயாமல் மேலேறிக்கொண்டிருந்தது. தியானத்தில் அமர்ந்து, மனம் கல்லாகவில்லையே என்று மனம் நொந்து எழுந்துவிடும் அன்பர்கள், அருள்கூர்ந்து நாளையும் வந்து அமரவேண்டுமென்று கேட்டுக்கொள்கிறேன்.