தோண்டத் தோண்ட

பொருள் தீயதா, அன்றிப் பொருளின்மேல் நாம் கொள்ளும் ஆசை தீயதா? அறநூலார் நெடுங்காலமாக எழுப்பிவரும் வினா இது. இதற்கு விடை தேடும்போது, உலகில் எங்கும் இல்லாத ஒரு பொருள் சில வேளைகளில் உள்ள பொருளைவிடத் தெளிவாகப் பேசிவிடுகிறது. அத்தகைய கற்பனைப் பொருள் ஒன்றை இத்திங்கள் சிந்தனைக்கு எடுத்துக்கொள்வோம். அதன் பெயர் மித்ரில்.

ஆக்ஸ்போர்டுப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக விளங்கிய ஜே. ஆர். ஆர். டோல்கீன் (1892–1973), 1954, 1955 ஆகிய ஆண்டுகளில் மூன்று பாகங்களாக வெளியிட்ட பெருங்கதை 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்'. டோல்கீன் கத்தோலிக்கர். இளமையிலேயே பெற்றோரை இழந்த அவருக்குப் பாதுகாவலராயிருந்தவர் பர்மிங்காம் நகரின் ஓரட்டரி சபைக் குருவான பிரான்சிஸ் மார்கன். கதையில் மறையுரை எதுவும் இல்லை. எனினும் நன்மை தீமை பற்றிய ஆழ்ந்த தெளிவு அதன் அடியில் ஓடிக்கொண்டிருப்பதை உணரலாம்.

மித்ரில் இறகென இலேசானது, எஃகினும் வலியது, வெள்ளியைப் போல் ஒளிர்ந்தாலும் வெள்ளியைப் போல் கறுப்பதில்லை. மோரியா என்னும் மலைச்சுரங்கத்தில் மட்டுமே அது கிடைத்தது. அங்கு வாழ்ந்த குள்ளர் குலம் அதனாலேயே செல்வச் சிறப்புற்றது. அதே உலோகத்தால் குள்ளர் மேலும் மேலும் ஆழமாகத் தோண்டினர்; மலையின் அடியில் ஒளிந்துகிடந்த பால்ரோக் என்னும் கொடிய ஆற்றலை எழுப்பிவிட்டனர். அரசன் மாண்டான், அடுத்த ஆண்டில் அவன் மகனும் மாண்டான், எஞ்சியோர் நாட்டை விட்டு ஓடினர்.

இங்கே நாம் சற்று நிற்க வேண்டும். குள்ளர் செய்த குற்றம் யாது? தோண்டியது குற்றமன்று, உழைத்ததும் குற்றமன்று. முதல் நாள் பாறையில் விழுந்த கடப்பாரைக்கும், இறுதி நாள் விழுந்த கடப்பாரைக்கும் வேறுபாடு ஏதுமில்லை. 'இதற்கு மேல் வேண்டாம்' என்று எழுதிய பலகை எதுவும் அங்கே நடப்பட்டிருக்கவில்லை. தேவை முடிந்து பேராசை தொடங்கும் எல்லை வெளியே தெரிவதில்லை; அது தோண்டுபவனின் உள்ளத்தில் மட்டுமே இருக்கிறது. அங்கே அவன் அதைத் தேடாவிட்டால் வேறெங்கும் காணமாட்டான்.

ஆயினும் அந்த உலோகத்தைச் சாபப் பொருளாக ஆசிரியர் காட்டவில்லை என்பது கருதத்தக்கது. மோரியாவின் மேற்கு வாயிற்கதவில் உள்ள எழுத்துகள் மித்ரிலிலிருந்து செய்த ஒரு பொருளால் வரையப்பட்டவை. நிலவொளியிலும் விண்மீன் ஒளியிலும் மட்டுமே அவை தெரியும். குள்ளர் குலமும் எல்ஃப் குலமும் நட்புடன் வாழ்ந்த நாளில் உருவான அந்தக் கதவைத் திறக்கும் சொல் 'நண்பன்' என்பதே. ஒரே பொருள் வாயிலில் நட்பை எழுதியது. அடித்தளத்தில் அழிவை எழுப்பியது.

மித்ரிலால் ஆன ஒரு சிறு கவசமும் கதையில் வருகிறது. குள்ளர் தலைவன் தோரின் அதைப் பில்போ என்னும் எளிய ஹாபிட்டுக்கு அளித்தான். பில்போ அதைத் தன் அன்புக்குரிய ஃபிரோடோவுக்கு, ஆபத்தான பயணத்தின் தொடக்கத்தில், கொடுத்தான். அதன் விலை அவர்களது நாடு முழுவதின் மதிப்பினும் மிகுதி என்று காண்டால்ஃப் பின்னர் வெளிப்படுத்துகிறார். ஃபிரோடோ அதை மேலாடைக்குள் மறைத்தே அணிந்தான். மோரியாவின் இருளில் ஈட்டி பாய்ந்தபோது அவனைக் காத்தது அதுவே. பின்னொரு நாள் பகைவரிடம் அவன் அகப்பட்டபோது, அதே கவசத்துக்காக ஓர்க்குகள் தங்களுக்குள் வெட்டிக்கொண்டு மடிந்தன. கொடுத்தவர் கையில் அது உயிர் காத்தது. பறிக்க நினைத்தவர் கையில் உயிர் குடித்தது.

பயன்படுத்த வேண்டியவற்றையும், இன்புற்று இளைப்பாற வேண்டியதையும் புனித அகுஸ்தீனார் வேறுபடுத்திக் காட்டுகிறார். பொருள்கள் பயன்படுத்தத் தக்கவை. அவற்றிலேயே உள்ளம் இளைப்பாற முயலும்போதுதான் அன்பு நெறி பிறழ்கிறது. மித்ரிலின் கதை இதற்கு நல்லதோர் விளக்கம். பெற்றோர் விட்டுச்சென்ற நகைக்கும் நிலத்துக்குமாக உடன்பிறந்தோர் பேச்சை முறித்துக்கொள்ளும் குடும்பங்களை நாம் அறிவோம். அந்தப் பொன்னில் குறையில்லை. ஒரு தாய் அன்போடு சேர்த்ததை, பெற்றுக்கொள்ளும் கைகள் வேறொன்றாக்கிவிடுகின்றன.

கதையின் இறுதிப் பகுதியில் இன்னொரு நிகழ்ச்சி. தோற்று நின்ற சாருமானை ஃபிரோடோ கொல்லாமல் போகவிடுகிறான். அவனோ, கடந்து செல்கையில் மறைத்து வைத்திருந்த கத்தியால் ஃபிரோடோவைக் குத்துகிறான். உள்ளிருந்த கவசத்தில் பட்டுக் கத்தி முறிகிறது. தோழர் வாளை உருவுகின்றனர். அப்போதும் ஃபிரோடோ, அவனைக் கொல்ல வேண்டாம் என்று தடுக்கிறான்.

அவனது உடலைக் காத்தது மித்ரில். ஆனால் அந்த மன்னிப்பை எந்தச் சுரங்கத்திலிருந்தும் தோண்டி எடுக்க இயலாது. பொருள் நமக்கு வாழ்நாளை நீட்டித் தரலாம்; நீட்டிக் கிடைத்த வாழ்நாளை எதற்குச் செலவிடுவது என்பதை அது ஒருபோதும் சொல்லித் தராது. நம் கையிலுள்ளவற்றை எண்ணும்போது, 'எவ்வளவு?' என்று கேட்பதோடு நில்லாமல், 'யாருக்காக?' என்றும் கேட்கப் பழகுவோம்.