பதிகமும் காலமும்

புதுவை நகருக்கு வடமேற்கே, திண்டிவனஞ் செல்லும் நெறியினின்று சிறிது விலகி, இரும்பை மாகாளம் என்னுந் திருப்பதி விளங்குகின்றது. தொண்டைநாட்டுப் பாடல்பெற்ற தலங்களுள் ஒன்றாகிய இதற்குத் திருஞானசம்பந்தப் பெருமான் அருளிய பதிகம் உண்டு. மாகாளம் என்னும் பெயர், காலத்துக்கும் காலனாய் நிற்கும் முதல்வனை நமக்கு நினைப்பிப்பது. அம்முதல்வனைப் பாடிய பாட்டுக்குக் காலத்தின் ஓட்டத்தை மாற்றும் ஆற்றல் உண்டோ என்பதே ஈண்டு நாம் ஆராயப் புகுந்த வினா.

உண்டெனின், வினைப்பயன் உரிய காலத்தில் உரியவரையே சென்று பொருந்தும் என்னும் நியதி கெடும். இல்லையெனின், அவிநாசியிலும் மயிலையிலும் நிகழ்ந்தனவாகச் சேக்கிழார் பெருமான் விரித்துரைத்தவை பொருளற்றனவாம். இரண்டும் சைவர்க்கு இடர்ப்பாடேயாம்.

காலமாவது அசுத்த மாயையிற் றோன்றும் வித்தியாதத்துவம் ஏழனுள் ஒன்று. இறந்த காலம் எல்லை காட்டும், நிகழ்காலம் பயனூட்டும், எதிர்காலம் புதுமை தரும். எனினும் அது சடமாதலின், செலுத்துவானொருவன் இன்றித் தானே செல்லாது. இனி, பதிகமும் ஒலியென்னும் அளவில் மாயையின் காரியமே. சடமொன்று மற்றொரு சடத்தைத் தானே அறிந்து ஆளுதல் யாண்டுங் கண்டிலம். அன்றியும், பதிகம் எழுதிய ஏடுகளே காலத்துக்கு இரையாயின. தில்லையிற் செல்லரித்தவை போக எஞ்சியனவே இன்று நமக்குள்ளன என்பது திருமுறைகண்ட வரலாறு. புதுவையில் 1955ஆம் ஆண்டு நிறுவப்பெற்ற பிரெஞ்சு நிறுவனம் சைவச் சுவடிகளைத் தொகுத்துக் காத்ததும், தி. வே. கோபாலையர் பதிப்பித்த தேவாரத்தை 1984ஆம் ஆண்டு முதல் வெளியிட்டதும், காவாதொழியின் ஏடு அழியும் என்பது பற்றியன்றோ? ஆதலின், எழுத்தொலி தன்வலியாற் காலத்தைத் திருப்பும் என்பார் கூற்றுப் பொருந்தாமை காண்க.

அற்றேல், அவிநாசியில் நிகழ்ந்தது யாது? ஐந்தாண்டுப் பிள்ளைகள் இருவர் மடுவில் நீராடினர். ஒருவனை முதலை விழுங்கிற்று. ஆண்டுகள் சில கழிந்தபின், பிழைத்த பிள்ளையின் மனையில் உபநயன மங்கல ஒலியும், எதிர்மனையில் அழுகையொலியும் ஒருங்கெழ, ஆண்டெழுந்தருளிய சுந்தரமூர்த்தி சுவாமிகள் பதிகம் பாடியருளினார். முதலை கரையில் உமிழ்ந்த பிள்ளை ஐந்தாண்டினனாக வந்திலன். கழிந்த ஆண்டுகளின் வளர்ச்சியோடு வந்தான். மயிலையிற் பூம்பாவையும் அத்தகையளே. ஏழாண்டில் அரவு தீண்ட மாண்டவள், பன்னீராண்டின் நிறைவோடு என்புக்குடத்தினின்றும் எழுந்தாள்.

இவ்வொற்றுமை பெரிதும் சிந்திக்கத் தக்கது. ஈரிடத்தும் காலம் பின்னோக்கித் திரும்பவில்லை. சென்றது சென்றதே. சென்ற ஆண்டுகளுள் அவ்வுயிர்க்கு உரியதாயிருந்த வளர்ச்சியைக் காலத்தின் உடையான் மீட்டுத் தந்தான், அவ்வளவே. நியதியை வகுத்தானும் அவனேயாகலின், அவன் தருதலால் நியதி கெடாது. அப்பெற்றோர் அழுத நாள்கள் அழாதனவாக மாறினவென்று சேக்கிழார் யாண்டுங் கூறிற்றிலர்.

மற்றொன்றும் உண்டு. தம்பிரான் தோழர் வந்தாரெனக் கேட்டு அப்பெற்றோர் துயரை மறைத்து முகமலர்ந்து வந்து வணங்கினர். மகனை இழந்தீர் நீவிரோ என வினவிய பின்னும், அது முன்னே நிகழ்ந்தது என்று ஒதுக்கி, அடியாரைக் காணப்பெற்ற மகிழ்ச்சியையே உரைத்தனர். மகனைத் தருகவென்று இரந்தாரல்லர். கேளாதார்க்கே அப்பதிகம் எழுந்தது.

இது கொண்டு நாம் தெளிய வேண்டுவது யாதெனின், மகவை இழந்தார் இன்றும் அப்பதிகத்தைக் கண்ணீரோடு ஓதுகின்றனர், மகவு மீள்வதில்லை. அவரை நோக்கி, நும் அன்பிற் குறையுண்டு எனக் கூறுவாரும் உளர். இது பெருங்கொடுமை. அருள் அவன் உடைமை. ஓதுவார் விலைகொடுத்துப் பெறும் பண்டமன்று. பதிகத்தைக் கருவியாக்கிப் பயனை அளப்பார், அன்பரைப் பழித்தலோடு அருளையும் பழித்தாராவர்.

அவர்க்குப் பதிகம் பயன்படாதோ எனின், பயன்படும். அஃதாமாறு கோளறு பதிகத்தாற் காண்க. நாளுங் கோளும் தீயன என்று அப்பரடிகள் தடுத்தபொழுது, திருமறைக்காட்டில் ஆளுடைய பிள்ளையார் பாடினார். பாடியபின் கோள்கள் நெறிமாறின என்றோ, நன்னாள் வரும்வரை அவர் காத்திருந்தார் என்றோ வரலாறு கூறவில்லை. அந்நாளிலேயே மதுரைக்கு எழுந்தருளினார். மாறாத காலத்தின் நடுவே அஞ்சாது நடத்தலே ஆண்டுக் கண்ட பயன். நுகரவேண்டும் வினை உடலளவாய்க் கழியும்; திருவடியைப் பற்றிய உயிரை அது தாக்காது என்பது சித்தாந்தத் துணிபு.

ஆகவே, துயருற்றார் மனைக்குச் செல்லும் அன்பர்கள் அற்புதத்தை உறுதிகூறாது, அவரோடு உடனிருந்து ஓதுக. ஓதும் அப்பொழுதேனும் கழிந்ததன் ஏக்கமும் வருவதன் அச்சமும் நீங்கி உள்ளம் இறைவன்பால் நிற்குமாயின், காலத்தை ஆள்வானை அடைந்தாராவர். அதனின் மிக்க பேறு பிறிதில்லை.

சிவம்.