நன்றியும் நடுவும்

திருக்குறளில் செய்ந்நன்றியறிதல் 11ஆம் அதிகாரம். நடுவு நிலைமை அடுத்தது. அரசு செவிலியர் நியமன வழக்குகளில் இந்த இரண்டும் எதிரெதிரே நிற்பதுபோலத் தோன்றும். இரவெல்லாம் வார்டில் சலைன் பாட்டில் மாற்றிய தற்காலிகச் செவிலியரை நன்றிக்காக நிரந்தரமாக்கினால், தேர்வுக்குக் காத்திருக்கும் முகம் தெரியாத ஒருத்திக்கு அது அநீதி ஆகாதா? ஆகும். 2006இல் உமாதேவி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்னதும் அதுதான்: திறந்த போட்டியின்றி உள்ளே வந்தவர் நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது. இரக்கம் கண்ணெதிரே இருப்பவரை மட்டுமே பார்க்கும். ஆகவே இந்தக் கண்டிப்பை நான் மதிக்கிறேன்.

ஆனால் தமிழ்நாட்டில் 2015இல் மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியத்தின் போட்டித் தேர்வில் தேறியவர்களுக்கும் கிடைத்தது மாதம் 7,700 ரூபாய் தொகுப்பூதியம். கொல்லைப்புறமாக வராதவர்களிடம் அந்தத் தீர்ப்பை எப்படி நீட்டுவது? நிதி இல்லை என்பார்கள். பக்கத்துக் கட்டிலில் அதே ஊசியைப் போடும் நிரந்தரச் செவிலியருக்கு மட்டும் அது எங்கிருந்து வருகிறது? ஒப்புக்கொண்டுதானே கையெழுத்திட்டார்கள் என்பது இன்னும் மெலிந்த வாதம். பேரம் பேச வழியில்லாதவரின் கையெழுத்தில் சம்மதம் எவ்வளவு, வேறு கதியின்மை எவ்வளவு என்று யார் பிரித்துச் சொல்வது? 2024 டிசம்பரில், துப்புரவுப் பணியாளர்கள் உள்ளிட்டோர் தொடுத்த ஜக்கோ வழக்கில், நெடுநாள் உழைத்தவர்களுக்கு எதிராக உமாதேவி தீர்ப்பை ஆயுதமாக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது.