பல கலையும் ஒரு நெறியும்

பல கலைகளை நாடுபவன் எந்தக் கலைக்கேனும் உண்மையுடையவனாக இருத்தல் இயலுமா? மிருதங்கம் பயிலும் மகன் மறு ஆண்டே நாடகத்தை நாடினால், 'நிலையற்ற மனம்' என்று நாம் கவலை கொள்கிறோம். நாம் குடியேறி வாழும் இத்திருவனந்தபுரத்திலேயே இவ்வினாவுக்கு விடையாக ஒருவர் வாழ்ந்தார்.

அவர் நெடுமுடி வேணு. 1948-இல் குட்டநாட்டில் பிறந்தவர்; மிருதங்கம் அறிந்தவர்; இந்நகரில் இதழாளராகப் பணியாற்றியவர். காவாலம் நாராயண பணிக்கரின் 'அவனவன் கடம்ப' நாடகத்தை, கேலிச்சித்திரக் கலைஞராகவும் விளங்கிய அரவிந்தன் அரங்கைத் துறந்து திறந்த வெளியில் இயக்கியபோது அதில் நடித்தார். அரவிந்தனின் 'தம்பு' (1978) திரைப்படத்திலும் இடம்பெற்றார். 'இந்தியன்' (1996), 'அந்நியன்' (2005) வழியே தமிழரும் அவரை அறிவர். 2021-இல் இந்நகரிலேயே மறைந்தார்.

அவர் ஒன்றை விட்டு ஒன்றுக்குத் தாவினார் எனலாமா? மிருதங்கத்தில் ஒலிக்குள்ள மதிப்பு, ஒலிகளுக்கிடையே நிற்கும் அமைதிக்கும் உண்டு. காவாலத்தின் நாடகமும் தாளத்தின் மீதே எழுந்தது. திரையில் ஒரு சொல்லுக்கு முன் வேணு காத்த மௌனத்திலும் அத்தாளமே நின்றது என்பேன்.

ஆகவே, கலைகள் பலவாதல் குற்றமன்று. ஒன்றில் பெற்ற ஒழுங்கை உதறிவிட்டு ஓடுதலே குற்றம். அதனை அடுத்ததற்குக் கொண்டு செல்லுதல் வளர்ச்சி. இரு மொழிகளுக்கிடையே வளரும் நம் பிள்ளைகளுக்கும் இதுவே அளவுகோல். 'எத்தனை கற்றாய்?' என்று வினவாது, 'முன்னது பின்னதற்கு என்ன தந்தது?' என்று வினவுவோமாக.