பேய்க்கதை யாருடைய சாட்சி?

"உச்சி வேளையில கிணத்துப் பக்கம் போகாத தாயி, ஒருத்தி விழுந்து செத்த இடம்." கோம்பையில் பெண்பிள்ளைகள் கேட்டு வளர்கிற எச்சரிக்கை இது. அவள் ஏன் விழுந்தாள் என்பது மட்டும் கதையில் இருக்காது.

அந்த விடுபட்ட இடத்தில்தான் லீனா மணிமேகலை கேமராவை வைக்கிறார். அருந்ததியர் சிறுமிகளை அம்மனுக்கு நேர்ந்துவிடும் வழக்கத்தை ‘மாத்தம்மா’ ஆவணப்படத்தில் பதிவுசெய்தவர், ‘மாடத்தி’ (2019) கதைப்படத்தில் இன்னும் உள்ளே போகிறார். கண்ணில் படுவதே தீட்டு என ஒதுக்கப்பட்ட புதிரை வண்ணார் சிறுமி, ஊர் ஆண்களின் வன்கொடுமைக்குப் பலியாகி, பிறகு சாமியாகிறாள்.

கும்பிடுவது மன்னிப்புக் கேட்பதாகுமா? ஆகாது என்றே நினைக்கிறேன். பயப்படவும் கும்பிடவும் குற்றத்தை ஒப்புக்கொள்ள வேண்டியதில்லை. உயிரோடு நீதி கேட்ட கண்ணகியையும் எங்கள் பள்ளத்தாக்கின் மலைமேல், மங்கலதேவி கோட்டத்தில் வைத்து, ஆண்டுக்கு ஒருநாள், சித்திரைப் பௌர்ணமியன்று பார்த்துவிட்டு இறங்கிவிடுகிறோம்.

ஆனாலும் பேய்க்கதையை மூடநம்பிக்கை என்று தள்ளிவிட முடியவில்லை. எந்த ஏட்டிலும் ஏறாத சாவுக்கு அதுதான் மிச்சமிருக்கும் சாட்சி. படமெடுக்கப் போகிறவள் "பேய் இருக்கிறதா?" என்று கேட்டால் ஊரே பேசும். "அவள் பேரென்ன, எப்படிச் செத்தாள்?" என்று கேட்கட்டும். யார் யார் வாயை மூடுகிறார்கள் என்பது தெரிந்துவிடும்.